ஒரு எல்.பி.சி.யும் உச்சநீதிமன்றமும்

அரசு ஊழியர் ரிட்டயர் ஆகும் நாளில் மாலை, சால்வை எல்லாம் சரியாக வந்துவிடும். பணம் மட்டும் எப்போது வரும் என்பது வேறு கதை! இந்தக் கதைக்குச் சட்ட வரலாறே உண்டு.

1871-ல் வெள்ளைக்காரர் கொண்டுவந்த ஓய்வூதியச் சட்டத்தின் 4-ஆம் பிரிவு, அரசு தரும் ஓய்வூதியம் பற்றி சிவில் கோர்ட்டில் வழக்குப் போட முடியாது என்றது. அதாவது, துரை மனமிரங்கித் தருவது. கேள்வி கேட்கக் கூடாது. வெள்ளைக்காரர் போன பிறகும் இந்த இனாம் புத்தி ஆபீஸ்களை விட்டுப் போகவில்லை. 1971-ல் தேவகிநந்தன் பிரசாத் - பீகார் அரசு வழக்கில்தான், ஓய்வூதியம் தயவில் தருவது அல்ல, ஊழியரின் உரிமை என்று உச்சநீதிமன்றம் தெளிவாகச் சொன்னது. 1982 டிசம்பர் 17-ல் வந்த நகாரா தீர்ப்பு அதை இன்னும் அழுத்திச் சொன்னது. அந்த நாள்தான் இப்போது ஓய்வூதியர் தினம்.

சரி, உரிமைதான். ஆனால் உரிமை லேட்டாக வந்தால்?

இதற்குப் பதில் கேரளத்திலிருந்து வந்தது. பத்மநாபன் நாயர் என்ற அரசு ஊழியர் 1973 மே 19-ல் ஓய்வு பெற்றார். ஓய்வூதியமும் கிராஜுவிட்டியும் கைக்கு வந்தது 1975 ஆகஸ்ட் 14-ல். இரண்டே கால் வருடத்துக்குச் சற்று குறைவு. காரணம், எல்.பி.சி. எனப்படும் கடைசிச் சம்பளச் சான்றிதழ். அதைக் கொடுக்க வேண்டியது டிரஷரி அதிகாரியின் கடமை. அவர் கொடுக்கவில்லை; ஏன் என்று விளக்கமும் இல்லை. ஒரு தாள், அவ்வளவுதான்!

வணிகவியல் மாணவர்கள் அந்த வருடங்களைக் கொஞ்சம் கவனிக்க வேண்டும். எண்ணெய் விலை ஏறிய காலம் அது. இந்தியாவில் மொத்த விலைகள் 1973-74ல் சுமார் 20 சதவீதமும், அடுத்த ஆண்டு சுமார் 25 சதவீதமும் ஏறின. ஏற்றத்துக்கு முன் 100 ரூபாய்க்கு வாங்கிய சரக்குக்கு இரண்டு வருடத்தில் 150 ரூபாய் வேண்டும். டிரஷரியில் தூங்கிய பணம் அதே 100 ரூபாயாகத்தான் வெளியே வரும். வட்டி கேட்டு அவர் வழக்குப் போட்டதில் என்ன ஆச்சரியம்?

அவர் கேட்டது 12 சதவீதம். மாவட்ட நீதிமன்றம் தந்தது 6. உயர்நீதிமன்றமும் அதையே உறுதி செய்தது. அந்த 6 சதவீதத்தையும் தர மனமில்லாமல் மாநில அரசு டெல்லி வரை போனது. (வக்கீல் செலவைக் கணக்குப் போட்டார்களா தெரியாது.) 1984 டிசம்பர் 17-ல், நகாரா தீர்ப்பு வந்து சரியாக இரண்டு வருடத்தில், உச்சநீதிமன்றம் அரசின் மேல்முறையீட்டைத் தள்ளியது. ஓய்வு பெற்று இரண்டு மாதம் தாண்டினால் சந்தை விகிதத்தில் அபராத வட்டி என்றது. தேவையான விவரங்களை ஒரு வாரம் முன்பே வாங்கி வைத்தால் கிராஜுவிட்டியை ஓய்வு நாளிலோ மறுநாளோ தரலாமே என்றும் கேட்டது.

ஆனால் அவருக்குக் கிடைத்தது 6 சதவீதம்தான். 12 தர நீதிபதிகளுக்கே விருப்பம் இருந்தது. உயர்நீதிமன்றத்தில் அவர் எதிர்மனு போடாததால் கூட்டித் தர வழியில்லை. டிரஷரி அதிகாரியையும் வழக்கில் சேர்க்கவில்லை. அதனால் அவர் தலையில் கட்டவும் முடியவில்லை. அவரிடம் வசூலிப்பதா வேண்டாமா என்பதை அரசே யோசிக்கட்டும் என்று விட்டுவிட்டார்கள். பிழை செய்தது ஒருவர், வட்டி கட்டியது பொதுப் பணம்.

தமிழ்நாட்டில் 2017 மே மாதமும் 2018 ஜனவரியிலும் நடந்த அரசு பஸ் வேலைநிறுத்தங்களில், ஓய்வு பெற்ற டிரைவர், கண்டக்டர்களின் பாக்கியும் ஒரு முக்கியக் கோரிக்கை. அங்கே இழுத்தடித்தது எல்.பி.சி. அல்ல. நஷ்டத்தில் ஓடிய கழகங்களிடம் கொடுக்கப் பணம் இல்லை. தாள் தாமதமானால் வட்டி போடலாம் என்று 1984-ல் சொல்லியாகிவிட்டது. கஜானாவே காலியாக இருந்தால் அந்த வட்டியை எதிலிருந்து கொடுப்பது?