வெள்ளை மாளிகை டூ புதுச்சேரி... யார் இந்த ‘நிஷ்டா’? அமெரிக்க அதிபர் மகளின் கதை

அமெரிக்க அதிபர் ஒருவரின் மகள், புதுச்சேரியில் உள்ள கிறிஸ்தவக் கல்லறையில் அடக்கம் செய்யப்பட்டிருக்கிறார். இது பலருக்கும் தெரியாது. அவர் ஏன் இங்கே வந்தார்? சுருக்கமா பார்க்கலாம்.

யார் இவர்?

பெயர் மார்கரெட் வில்சன். 1913 முதல் 1921 வரை அதிபராக இருந்த உட்ரோ வில்சனின் மூத்த மகள். 1886 ஏப்ரல் 16-ம் தேதி ஜார்ஜியா மாநிலத்தில் பிறந்தார். ஜெஸ்ஸி, எலினார் என இரண்டு தங்கைகள்.

என்ன படித்தார்?

சின்ன வயதில் அம்மா எலன்தான் வீட்டிலேயே டீச்சர். அப்பா 1902-ல் பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தின் தலைவர் ஆனார். ஆனா அவரோட மகள்களுக்கே அங்கே சீட் கிடையாது. இளநிலைப் படிப்பில் பெண்களை பிரின்ஸ்டன் சேர்த்துக்கொண்டதே 1969-ல்தான்! மார்கரெட் படித்தது பால்டிமோர் மகளிர் கல்லூரியில். அதே ஊரில் பீபாடி இசைப் பள்ளியில் பாட்டும் கற்றார்.

வெள்ளை மாளிகையில் என்ன நடந்தது?

1913 நவம்பரில் ஜெஸ்ஸிக்கும், 1914 மே மாதம் எலினாருக்கும் வெள்ளை மாளிகையிலேயே கல்யாணம். அதே ஆகஸ்டில் சிறுநீரக நோயால் அம்மா இறந்தார். கல்யாணம் ஆகாத மார்கரெட்தான் விருந்தினர்களை வரவேற்கும் பொறுப்பை ஏற்றார். 1915 டிசம்பரில் அப்பா மறுமணம் செய்யும் வரை இது தொடர்ந்தது. முதல் உலகப் போரின்போது ராணுவ முகாம்களுக்குப் போய் வீரர்களுக்காகப் பாடினார். அதில் அவருடைய குரலே கெட்டுப்போனது.

புதுச்சேரிக்கு ஏன் வந்தார்?

1924-ல் அப்பா காலமானார். பின்னாளில் நியூயார்க்கில் இருந்தபோது ஸ்ரீஅரவிந்தர் எழுதிய நூல்களைப் படித்தார் மார்கரெட். 1938-ல் கப்பலேறிவிட்டார். அப்போ புதுச்சேரி பிரெஞ்சு ஆட்சியில் இருந்தது.

நவம்பர் 24 தரிசன நாள். அதற்கு முந்தைய இரவு அரவிந்தர் விழுந்து தொடை எலும்பு முறிந்ததால் தரிசனம் ரத்தானது. அவ்வளவு தூரம் வந்தும் அன்று அவரைப் பார்க்க முடியலை. இருந்தாலும் மார்கரெட் ஊர் திரும்பவில்லை.

‘நிஷ்டா’ என்றால்?

அரவிந்தர் வைத்த பெயர் இது. ஒரே இலக்கில் அசையாத பற்று என்று பொருள். 52 வயது வரை ‘அதிபர் மகள்’ என்றே அறியப்பட்டவர், ஆசிரமத்தில் நிஷ்டாவாகவே வாழ்ந்தார்.

1944 பிப்ரவரி 12-ல் அம்மாவைப் போலவே அவரும் சிறுநீரகக் கோளாறால் இறந்தார். அப்பாவின் கல்லறை வாஷிங்டனில், அம்மாவுடையது ஜார்ஜியாவில். மகளுக்கு, புதுச்சேரி மண்.