பிரிவு 18: வன்கொடுமை வழக்குகளில் முன்பிணைத் தடை எங்கே நிற்கிறது?

கைது செய்யப்படக்கூடும் என்று அஞ்சும் ஒருவர் முன்கூட்டியே நீதிமன்றத்தை அணுகிப் பெறும் பாதுகாப்பு முன்பிணை. பேச்சு வழக்கில் முன்ஜாமீன். குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 438ஆம் பிரிவு இதற்கு வழி செய்தது. 2024 ஜூலை 1 முதல் அதன் இடத்தில் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 482ஆம் பிரிவு இருக்கிறது. 1989ஆம் ஆண்டின் வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின்கீழ்க் குற்றஞ்சாட்டப்பட்டவருக்கு இந்த வாய்ப்பு இல்லை என்கிறது அச்சட்டத்தின் 18ஆம் பிரிவு. ஆயினும் இவ்வழக்குகளில் முன்பிணை வழங்கப்பட்டுக்கொண்டுதான் இருக்கிறது. எந்த இடைவெளி வழியாக என்பதை அறிந்திருப்பது களத்தில் நிற்போருக்கு இன்றியமையாதது.

தடை ஏன் வந்தது? ஊரில் நிலமும் செல்வாக்கும் உடையவர் கைதாகாமல் உலவினால், புகார் கொடுத்தவரின் வேலை, தண்ணீர், நடைபாதை அனைத்தும் அவர் பிடியிலேயே இருக்கும். சாட்சிகள் பிறழ்வதற்கு வேறு காரணம் தேடவேண்டியதில்லை. மத்தியப் பிரதேச உயர் நீதிமன்றம் 18ஆம் பிரிவைச் செல்லாது என்று அறிவித்தபோது, உச்ச நீதிமன்றம் 1995இல் ராம் கிருஷ்ண பலோதியா வழக்கில் அதைத் திருத்தியது. தீண்டாமையிலிருந்து பிறக்கும் இக்குற்றங்கள் தனி வகையைச் சேர்ந்தவை. முன்பிணை கிடைத்தால் குற்றஞ்சாட்டப்பட்டோர் பாதிக்கப்பட்டோரை அச்சுறுத்தி வழக்கையே முடக்கக்கூடும் என்பது அத்தீர்ப்பின் அடிப்படை.

2018 மார்ச் 20 அன்று சுபாஷ் காசிநாத் மகாஜன் வழக்கில் இந்த நிலை குலைந்தது. முன்பிணைத் தடை முழுமையானதன்று என்றதோடு அத்தீர்ப்பு நிற்கவில்லை. அரசு ஊழியரைக் கைது செய்ய நியமன அதிகாரியின் அனுமதி, மற்றவரைக் கைது செய்ய மாவட்டக் காவல் மூத்த கண்காணிப்பாளரின் அனுமதி, வழக்குப் பதிவுக்கு முன் துணைக் கண்காணிப்பாளரின் பூர்வாங்க விசாரணை எனச் சட்டத்தில் இல்லாத படிகளையும் அது சேர்த்தது. ஏப்ரல் 2 முழு அடைப்பில் உயிர்கள் பறிபோயின. அவ்வாண்டு ஆகஸ்டில் நாடாளுமன்றம் 18-அ பிரிவைச் சேர்த்தது: பூர்வாங்க விசாரணையும் வேண்டாம், கைதுக்கு முன் அனுமதியும் வேண்டாம், எந்த நீதிமன்றத் தீர்ப்பு இருப்பினும் முன்பிணையும் இல்லை. 2019 அக்டோபர் 1இல் உச்ச நீதிமன்றமே சீராய்வில் தன் நெறிமுறைகளைத் திரும்பப் பெற்றது. வீதியில் தொடங்கிய திருத்தம் என்று இதைச் சொல்வது மிகையாகாது.

பிரித்விராஜ் சவுகான் வழக்கில் 2020 பிப்ரவரி 10இல் 18-அ பிரிவு செல்லும் என்று தீர்ப்பானது. ஆனால் புகாரில் இச்சட்டத்தின்கீழ்க் குற்றம் நடந்ததற்கான முகாந்திரம் இல்லையெனில் தடை பொருந்தாது என்ற விதிவிலக்கையும் அத்தீர்ப்பு உறுதிசெய்தது. இன்று முன்பிணை கேட்டு வரும் மனுக்கள் பெரிதும் இந்த வாசல் வழியாகவே நுழைகின்றன.

ஆகவே புகாரின் வாசகமே முதல் அரண். முகாந்திரத்தைப் பார்க்கும் நீதிமன்றம் முதல் தகவல் அறிக்கையின் கூற்றுகளை மட்டுமே பார்க்கவேண்டும், சாட்சியங்களை எடைபோடக்கூடாது என்று விலாஸ் பாண்டுரங் பவார் வழக்கு 2012இலேயே வரையறுத்தது. வாக்களித்ததன் பேரில் மகாராஷ்டிரத்தில் நிகழ்ந்த தாக்குதல் ஒன்றில் உயர் நீதிமன்றம் வழங்கிய முன்பிணையை உச்ச நீதிமன்றம் 2025 செப்டம்பர் 1இல் ரத்து செய்தபோதும் இதையே வலியுறுத்தியது: முன்பிணைக் கட்டத்தில் சிறு விசாரணை நடத்தக்கூடாது.

சறுக்கல் பெரும்பாலும் 3(1)(ஆர்), 3(1)(எஸ்) பிரிவுகளில் நிகழ்கிறது. சாதி இழிவு 'பொதுப்பார்வையில் படும் இடத்தில்' நடந்திருக்கவேண்டும். வீட்டு வாயிலில் நடந்தது பொதுப்பார்வையே என்றது 2008இன் சுவரண் சிங் தீர்ப்பு. வெளியாள் எவருமில்லாத நாற்சுவருக்குள் நடந்தது அவ்வாறன்று என்றது 2020இன் ஹிதேஷ் வர்மா தீர்ப்பு. பட்டியல் சாதியினரை அவமதித்தது மட்டும் போதாது, சாதியை முன்னிட்டு அவமதித்திருக்கவேண்டும் என்றது 2024இல் ஷாஜன் ஸ்கரியா வழக்கு. எனவே சொல்லப்பட்ட சொல், நின்ற இடம், கேட்டவர் யார் என்பவை புகாரில் இல்லையெனில் தடை நழுவும். காவல் நிலையத்தில் எழுத்தர் சுருக்கி எழுதும் 'சாதிப் பெயரைச் சொல்லித் திட்டினார்' என்ற ஒற்றை வரி போதாது. நில ஆக்கிரமிப்பு, உடல்ரீதியான தாக்குதல் போன்றவற்றுக்குப் பொதுப்பார்வை என்ற நிபந்தனையே கிடையாது; அப்பிரிவுகள் பொருந்துமிடத்தில் அவற்றையும் சேர்க்கக் கோரவேண்டும். எதிரிக்குப் பாதிக்கப்பட்டவரையோ அவர் குடும்பத்தையோ நேரில் தெரிந்திருந்தால், மறுப்புச் சான்று வராதவரை, சாதி அறிந்தவர் என்றே நீதிமன்றம் கொள்ளும் என்கிறது 8(சி) பிரிவு. இது பலராலும் எடுத்தாளப்படாத ஆயுதம்.

2016 ஜனவரி 26 முதல் நடைமுறையில் உள்ள 15-அ பிரிவின்படி, பிணை உள்ளிட்ட எந்த நடவடிக்கை குறித்தும் பாதிக்கப்பட்டவருக்கு உரிய காலத்தில் அறிவிப்பு தரவேண்டும். அவர் தரப்பைக் கேட்கவேண்டும். இது வெறும் சடங்கன்று, கட்டாயம் என்று உச்ச நீதிமன்றம் 2021இல் தீர்ப்பளித்தது. தமிழ்நாட்டில் முன்பிணைக்கு மாற்றாக இன்னொரு வழி புழங்குகிறது: சரணடையும் நாளிலேயே பிணை மனுவைப் பரிசீலிக்கக் கீழமை நீதிமன்றத்துக்கு உத்தரவிடுமாறு உயர் நீதிமன்றத்தைக் கோருவது. காலையில் சரண், மாலையில் வீடு என்றால் தடை இருந்தும் பயன் என்ன? ஒரே நாளில் முடியும் விசாரணையில் பாதிக்கப்பட்டவருக்கு உரிய அறிவிப்பு எங்ஙனம் சேரும் என்பதே அங்கு எழுப்பவேண்டிய ஆட்சேபம். சிறப்பு நீதிமன்றம் பிணை வழங்கிவிட்டால், 14-அ பிரிவின்கீழ் 90 நாள்களுக்குள் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்யலாம்.