2003க்கு முன்னால் ஆடியவர்கள்

ஆங் மோ கியோவில் எங்கள் புளோக்குக்குப் பின்னால் ஒரு திடல் இருக்கிறது. அக்கா மகள் சாயங்காலமானால் பையன்களோடு அங்கேதான். போன வாரம் வேர்க்க விறுவிறுக்க வந்து கேட்டாள்: "சித்தி, ஆசியாவுலயே பெஸ்ட் பொம்பளை பிளேயர்னு வருசா வருசம் அவார்டு கொடுக்கறாங்களே, நம்ம சிங்கப்பூர் ஆளு யாராச்சும் வாங்கியிருக்காங்களா?"

இல்லை. ஆசியக் காற்பந்துக் கூட்டமைப்பு அந்த விருதை 2003ல் ஆரம்பித்தது. முதலில் வாங்கியவர் சீனாவின் பாய் ஜியே. பிறகு ஜப்பானின் ஹொமாரே சாவா, அயா மியாமா, ஆஸ்திரேலியாவின் சாம் கெர் என்று போகிறது பட்டியல். (ஆஸ்திரேலியா எப்படி ஆசியா என்று கேட்காதீர்கள், 2006ல் சேர்ந்துகொண்டது.) சிங்கப்பூர், மலேசியா, இந்தியா எதுவும் அதில் கிடையாது.

தகுதி இல்லாமல் யாரும் வாங்கிவிடவில்லை. ஜப்பான் 1989லேயே பெண்களுக்குத் தேசிய லீக் தொடங்கிய நாடு. சாவா அதில் 12 வயதில் ஆட வந்தவர்.

ஆனால் பட்டியலை மட்டும் பார்த்தால் நம்ம பெண்கள் நேற்றுத்தான் பந்தைத் தொட்டார்கள் என்று தோன்றும். அதுதான் எனக்கு உறுத்துகிறது. 1968ல் ஹாங்காங்கில் ஆசிய மகளிர் காற்பந்துக்கென்று தனிக் கூட்டமைப்பு பிறந்தபோது, அதைத் தொடங்கிய நான்கில் சிங்கப்பூரும் ஒன்று. மற்றவை ஹாங்காங், தைவான், மலேசியா. 1975ல் முதல் ஆசியப் போட்டி, நம் அணி ஆடியது. 1977ல் தைவானில் மூன்றாம் இடம். 1983ல் நான்காம் இடம். அந்த முறை இறுதி ஆட்டத்தில் தாய்லாந்திடம் தோற்றது இந்தியா. 1986ல்தான் அந்த அமைப்பு ஆசியக் கூட்டமைப்புக்குள் போனது. விருது வர இன்னும் 17 வருடம் ஆனது. 1977ல் இருபது வயதில் ஆடியவருக்கு அப்போது 46 வயது.

அம்மாவிடம் கேட்டேன். 1977 என்றதுமே முகம் மலர்ந்துவிட்டது. பினாங்கை 3-2 என்று தோற்கடித்து ஆண்கள் அணி மலேசியக் கிண்ணம் வென்ற வருடம். குவா கிம் சோங் கூடுதல் நேரத்தில் அடித்த கோலை இன்றைக்கும் கையை ஆட்டிக் காட்டுவார்.

"பொம்பளைங்க டீமா? அதே வருசமா? யாரும் சொல்லவே இல்லையேம்மா" என்றார்.

அக்கா மகள் விடவில்லை. "அவங்கல்லாம் இப்ப எங்க இருப்பாங்க?"

எழுபதை நெருங்கியிருப்பார்கள். காலையில் கீழே காப்பிக் கடையில் எனக்குப் பக்கத்து மேசையில்கூட உட்கார்ந்திருக்கலாம் என்றேன்.