மாட்டாஸ்பத்திரிக்குக் கிளம்புறீங்களா? முதல்ல போன்ல வீடியோ எடுங்க!

வீட்டுல மூணு நாளா நொண்டின நாய், ஆஸ்பத்திரி வாசலை மிதிச்சதும் ஜம்முனு நடக்கும். அஞ்சுகிராமத்துல இருந்து ஆட்டோ பிடிச்சுக் கூட்டிட்டு வந்த நீங்க, டாக்டர் முன்னால அசடு வழிய நிப்பீங்க. நாய் நடிக்கலை. புது இடம், புது வாசனை, பயம். அந்தப் பயத்துல வலி கொஞ்ச நேரம் வெளியே தெரியாது. பூனை இன்னும் மோசம். பதற்றத்துல அதுக்கு ரத்தச் சர்க்கரையே ஏறிடும்.

அதனால்தான் இன்றைய கால்நடை மருத்துவத்தில், காய்ச்சல் பார்ப்பதுபோல விலங்கின் நடத்தையைப் பார்ப்பதும் ஒரு பரிசோதனை. 2019-ல் மான்ட்ரியல் பல்கலைக்கழக ஆய்வாளர்கள், பூனையின் முகத்தை வைத்தே வலியை அளக்கும் முறையை வெளியிட்டார்கள். காது, கண், வாய்ப்பகுதி, மீசை, தலையின் நிலை ஆகிய ஐந்தையும் பார்த்து மார்க் போடணும். அவ்வளவுதான்.

ஆனா, டாக்டர் பார்க்கிறது பத்து நிமிஷம். மத்த நேரமெல்லாம் பார்க்கிறது நீங்க. அதனால தள்ளி நின்னு, கூப்பிடாம, ஃபிளாஷ் போடாம ஒரு நிமிஷ வீடியோ எடுங்க. ஆண் பூனை திரும்பத் திரும்ப உட்கார்ந்து முக்குதா? மலச்சிக்கல்னு விளக்கெண்ணெய் தேடாதீங்க. சிறுநீர் அடைச்சிருந்தா உயிருக்கே ஆபத்து; அன்னைக்கே தூக்கிட்டு ஓடணும். பசு காலையில கத்திக்கிட்டு, அடுத்த மாட்டுமேல தாவுதா? அதுவும் டாக்டருக்குத் தேவையான தகவல். சினை ஊசியை அன்னிக்கு சாயங்காலம் போடுறதுதான் வழக்கம்.

இனி சொல்றதை வீட்டுப் பெரியவங்களுக்கும் படிச்சுக் காட்டுங்க. மாடு வாயில எச்சில் ஒழுக்கிட்டு, விழுங்க முடியாம, கரகரத்த குரல்ல கத்திக்கிட்டே இருந்தா, ‘தொண்டையில ஏதோ மாட்டிக்கிச்சு’ன்னு கையை விடுவாங்க. நல்ல மனசுதான். ஆனா, அது ரேபிஸாகவும் இருக்கலாம். நாய் கடிச்சதை நாம பார்த்திருக்கணும்னு இல்லை. கடிபட்டு வாரக்கணக்கிலோ மாசக்கணக்கிலோ கழிச்சும் நோய் வரும். வெறி பிடிச்ச மாதிரி முட்டித்தான் ஆகணும்னும் இல்லை, சோர்ந்துபோயும் நிக்கும்.

கிட்டப் போகாம 1962-க்கு போன் பண்ணுங்க. அரசின் கால்நடை ஆம்புலன்ஸ் எண் அது. ஏற்கெனவே கையை விட்டிருந்தா, சோப்பு போட்டு ஓடுற தண்ணியில 15 நிமிஷம் கழுவிட்டு, அன்னிக்கே அரசு மருத்துவமனைக்குப் போயிடுங்க. மாடு தேறுதான்னு பார்த்துட்டுப் போகலாம்னு காத்திருக்காதீங்க.