குழந்தைக்கு சி.டி. ஸ்கேன்: பயப்படணுமா, எடுக்கணுமா? கதிர்வீச்சு ஆபத்து உண்மையில் எவ்வளவு?

பைக்கின் முன்னால் உட்கார்ந்து போன குழந்தை தவறி விழுந்துவிடுகிறது. மொட்டை மாடியில் பட்டம் விட்ட பையன் தலையில் அடிபட்டு வந்து நிற்கிறான். காஞ்சிபுரம் மாவட்டம் கூரம் மாதிரியான ஒரு கிராமத்தில் இப்படி நடந்தால் ஆட்டோவோ, 108 ஆம்புலன்ஸோ பிடித்து டவுனுக்குத்தான் ஓட வேண்டும். அங்கே போனதும் பல பெற்றோர் முதலில் கேட்பது இதைத்தான்: "டாக்டர், எதுக்கும் ஒரு ஸ்கேன் எடுத்துப் பார்த்துடலாமா?"

பிரச்சினையே அந்த "எதுக்கும் ஒரு" என்பதில்தான் இருக்கிறது. மூளைக்குள் ரத்தக் கசிவு இருந்தால் சில நிமிடத்தில் காட்டிக்கொடுத்து உயிரைக் காப்பாற்றுவது சி.டி. ஸ்கேன். ஆனால் அது இலவசமாக வருவதில்லை. பணத்தைச் சொல்லவில்லை, கதிர்வீச்சைச் சொல்கிறோம். மறுபக்கம், "ஸ்கேன் எடுத்தா கேன்சர் வரும்" என்று வாட்ஸ்அப்பில் வந்ததை நம்பி, அவசியமான ஸ்கேனையே வேண்டாம் என்று குழந்தையைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்குப் போகிறவர்களும் உண்டு. அது இதைவிடப் பெரிய ஆபத்து.

எல்லா ஸ்கேனும் ஒன்றல்ல

நம் ஊரில் வயிற்றில் ஜெல் தடவிப் பார்ப்பதும் ஸ்கேன், குகை மாதிரி மெஷினுக்குள் படுக்க வைப்பதும் ஸ்கேன். ஆனால் அல்ட்ராசவுண்ட் ஒலி அலையில் வேலை செய்கிறது. எம்.ஆர்.ஐ. காந்தப்புலத்தில் வேலை செய்கிறது. இந்த இரண்டிலும் எக்ஸ்-கதிர் துளிகூட இல்லை. கர்ப்பிணிக்கு எடுக்கும் ஸ்கேனுக்கும் இந்தப் பயத்துக்கும் சம்பந்தமே இல்லை.

கதிர்வீச்சு இருப்பது எக்ஸ்-ரேயிலும் சி.டி.யிலும்தான். எக்ஸ்-ரே என்பது ஒரே ஒரு படம். சி.டி. என்பது உடலைச் சுற்றிச் சுற்றி எக்ஸ்-கதிரைப் பாய்ச்சி, கம்ப்யூட்டர் மூலம் குறுக்குவெட்டுப் படமாக மாற்றுவது. அதனால்தான் அளவு கூடுகிறது.

எவ்வளவு கூடுகிறது? கதிர்வீச்சின் பாதிப்பை மில்லிசீவர்ட் என்ற அலகில் அளக்கிறார்கள். மண், காற்று, உணவு, விண்வெளி என்று இயற்கையிலிருந்து மட்டுமே உலகத்தில் ஒரு மனிதருக்கு ஆண்டுக்கு சராசரியாக 2.4 மில்லிசீவர்ட் சேர்கிறது. நெஞ்சு எக்ஸ்-ரே ஒன்றில் கிடைப்பது 0.1 அல்லது அதற்கும் குறைவு. அதாவது சில நாட்களோ, சில வாரங்களோ சும்மா வீட்டில் இருந்தாலே சேரும் அளவு. காசநோய் சந்தேகத்தில் பிள்ளைக்கு நெஞ்சு எக்ஸ்-ரே எடுக்கச் சொன்னால் அதற்காகத் தூக்கத்தைக் கெடுத்துக்கொள்ள வேண்டியதில்லை.

தலைக்கு எடுக்கும் சி.டி. சுமார் 2 மில்லிசீவர்ட். வயிற்றுக்கு எடுக்கும் சி.டி. 5 முதல் 10 வரை போகும். மெஷின், செட்டிங், குழந்தையின் உடல் அளவு ஆகியவற்றைப் பொறுத்து இது மாறும்.

குழந்தைக்கு ஏன் கூடுதல் கவனம்?

வளரும் உடலில் செல்கள் வேகமாகப் பிரிகின்றன. கதிர்வீச்சு டி.என்.ஏ.வில் ஏற்படுத்தும் சேதம், சரி செய்யப்படாமலேயே அடுத்தடுத்த செல்களுக்குப் போக வாய்ப்பு அதிகம். அடுத்து, வயது. கதிர்வீச்சால் வரும் புற்றுநோய் வெளியே தெரியப் பல ஆண்டுகள் ஆகும். 70 வயது தாத்தாவுக்கு அந்த ஆண்டுகள் மிச்சம் இல்லை, 5 வயது பேத்திக்கு நிறைய மிச்சம் இருக்கிறது. இன்னொன்று, பெரியவருக்கு வைத்த அதே செட்டிங்கில் குழந்தையைப் படம் பிடித்தால், சின்ன உடம்பின் உள்ளுறுப்புகளுக்குப் போய்ச்சேரும் அளவு அதிகமாகிவிடும்.

ஆனாலும் எல்லாப் புற்றுநோய்க்கும் இது பொருந்தாது. ஐ.நா.வின் கதிர்வீச்சு அறிவியல் குழு 2013ஆம் ஆண்டு அறிக்கையில் 23 வகைக் கட்டிகளை ஆராய்ந்தது. தைராய்டு, மூளை, மார்பகம், தோல், ரத்தப் புற்றுநோய் உள்ளிட்ட சுமார் கால் பங்கு வகைகளில்தான் குழந்தைகளுக்கு ஆபத்து தெளிவாக அதிகம் என்றது. நுரையீரல் புற்றுநோயில் பெரியவர்களைவிடக் குழந்தைகளுக்குக் குறைவு என்றும் அதே அறிக்கை சொல்கிறது.

பத்தாயிரத்தில் ஒன்று

இந்த விவாதத்தைச் சூடாக்கியது 2012ல் 'லான்செட்' இதழில் வந்த பிரிட்டன் ஆய்வு. நியூகாசில் பல்கலைக்கழகத்தின் மார்க் பியர்ஸ் தலைமையிலான குழு, 1985 முதல் 2002 வரை 22 வயதுக்குள் சி.டி. எடுத்த சுமார் 1.78 லட்சம் பேரைப் பின்தொடர்ந்தது. அன்றைய அளவுகளின்படி, இரண்டு மூன்று தலை சி.டி. சேர்ந்தால் மூளைக்கட்டி வரும் வாய்ப்பு சுமார் மூன்று மடங்கு ஆகலாம், ஐந்து முதல் பத்து சேர்ந்தால் ரத்தப் புற்றுநோய் வாய்ப்பும் அதே அளவு கூடலாம் என்று கண்டது.

"மூன்று மடங்கு" என்று மட்டும் தலைப்புப் போட்டால் யாருக்கும் உதறும். மிக அரிதான ஒன்று மூன்று மடங்கானாலும் அரிதாகவே இருக்கும் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். அதே ஆய்வின் கணக்குப்படி, பத்து வயதுக்குட்பட்ட குழந்தைகளுக்கு எடுக்கும் ஒவ்வொரு 10,000 தலை ஸ்கேனுக்கும், அடுத்த பத்தாண்டில் கூடுதலாக ஒரு ரத்தப் புற்றுநோயும் ஒரு மூளைக்கட்டியும் வரலாம்.

இதற்கு எதிர்ப்பும் வந்தது. மூளையில் ஏற்கெனவே கட்டி இருந்ததால்தானே தலைவலி வந்து ஸ்கேனே எடுத்தார்கள், பழியை ஸ்கேன் மீது போடலாமா என்று சிலர் கேட்டனர். நியாயமான கேள்விதான். அதன் பிறகு ஒன்பது ஐரோப்பிய நாடுகள் சேர்ந்து 9 லட்சத்துக்கும் மேற்பட்டவர்களை வைத்து இதை மீண்டும் பார்த்தன. 2023ல் வந்த அந்த முடிவும் கிட்டத்தட்ட அதே இடத்தில்தான் நின்றது: 10,000 குழந்தைகளுக்கு இன்றைய அளவில் ஒரு சி.டி. எடுத்தால், அடுத்த சுமார் 12 ஆண்டுகளுக்குள் ஒன்று அல்லது இரண்டு பேருக்கு அதனால் ரத்தப் புற்றுநோய் வரலாம்.

மூளையில் ரத்தம் கசியும் குழந்தைக்கு இந்தக் கணக்கே தேவையில்லை, உடனே எடுக்க வேண்டும். ஆனால் ஒரு லட்சம் குழந்தைகளுக்கு "எதுக்கும் ஒரு" ஸ்கேன் எடுத்தால், காரணமே இல்லாமல் பத்து இருபது குடும்பங்கள் புற்றுநோயோடு போராட வேண்டி வரும்.

வலிப்பு வந்த பிள்ளைகளும் வேலூரும்

ஒரே ஒரு ஸ்கேன் பெரிய பிரச்சினை இல்லை. திரும்பத் திரும்ப எடுப்பதுதான் கவலை. இதற்குப் பக்கத்திலேயே ஒரு கதை இருக்கிறது.

1980களில் இந்தியாவில் சி.டி. பரவத் தொடங்கியபோது, வலிப்பு வந்த பலரின் மூளையில், குழந்தைகள் உட்பட, சின்ன வளையம் மாதிரி ஒரு புள்ளி தெரிந்தது. காசநோய்க் கட்டி என்று நினைத்து மாதக்கணக்கில் காசநோய் மாத்திரை கொடுத்தார்கள். வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரியின் நரம்பியல் அறுவை சிகிச்சை நிபுணர்கள் சாண்டி, ராஜசேகர் உள்ளிட்டோர் அந்தப் புள்ளிகளை எடுத்துப் பரிசோதித்தபோது, பலவும் நாடாப்புழுவின் லார்வா என்று தெரிந்தது. 1989ல் 'லான்செட்' இதழில் இதை வெளியிட்டார்கள். (பன்றி இறைச்சி தொடாத வீட்டுப் பிள்ளைக்கும் இது வரும். புழு முட்டை கலந்த தண்ணீரும் கழுவாத காய்கறியும் போதும்.) பல குழந்தைகளுக்கு இந்தப் புள்ளி சில மாதங்களில் தானாகவே சுருங்கி மறைகிறது. தேவையில்லாத காசநோய் மருந்தும் ஆபரேஷனும் மிச்சமானது.

அப்படிப் பார்த்தால் சி.டி. செய்த நன்மை பெரிது. ஆனால் புள்ளி மறைந்ததா என்று தெரிய மறுபடி படம் பார்க்க வேண்டுமே? முதல் நாள் ஒன்று, கலர் மருந்து ஏற்றி இன்னொன்று, ஆறு மாதத்தில் ஒன்று, மீண்டும் வலிப்பு வந்தால் வேறு ஆஸ்பத்திரியில் புதிதாக ஒன்று என்று ஒரே பிள்ளைக்கு நாலைந்து சேர்ந்துவிடும். அவசரம் இல்லாத மறுபரிசோதனைக்கு எம்.ஆர்.ஐ. போதுமா என்று கேட்க வேண்டிய இடம் இதுதான். அதில் சங்கடமும் உண்டு. செலவு அதிகம், நேரம் அதிகம், சின்னக் குழந்தையாக இருந்தால் அசையாமல் இருக்க மயக்க மருந்து தர வேண்டி வரலாம். அந்த மயக்க மருந்துக்கும் தனி ரிஸ்க் உண்டு. அதனால்தான் இதை டாக்டரோடு பேசித்தான் முடிவு செய்ய முடியும்.

தலையில் அடிபட்டால் எப்போது சி.டி.?

அமெரிக்காவில் தலையில் அடிபட்டு வந்த 42,412 குழந்தைகளை வைத்து 2009ல் ஒரு பெரிய ஆய்வு வெளியானது. மூன்றில் ஒருவருக்கு மேல் சி.டி. எடுத்திருந்தார்கள். கவலைப்படும் அளவு மூளைக் காயம் இருந்தது 376 பேருக்கு, அதாவது நூறில் ஒருவருக்கும் குறைவு.

அந்த ஆய்விலிருந்து வந்த அடையாளங்களைத்தான் இன்று பல நாடுகளில் பார்க்கிறார்கள். நினைவு தடுமாறுவது, சுயநினைவு போனது, வாந்தி, கடுமையான தலைவலி, மண்டை ஓடு உடைந்த அறிகுறி, உயரத்திலிருந்து அல்லது வேகமாகப் போகும் வண்டியிலிருந்து விழுந்தது ஆகியவை முக்கியம். இரண்டு வயதுக்குள் என்றால் நெற்றி தவிர மற்ற இடத்தில் வீக்கம் இருக்கிறதா, "எப்பவும் மாதிரி இல்லையே" என்று அம்மாவுக்குத் தோன்றுகிறதா என்பதையும் கணக்கில் எடுக்கிறார்கள். அம்மாவின் சந்தேகம் மருத்துவ விதியிலேயே இருக்கிறது என்பது பலருக்குத் தெரியாது. எந்த அடையாளமும் இல்லை என்றால் ஸ்கேன் தேவையில்லை. ஒன்றிரண்டு லேசாக இருந்தால் சில மணி நேரம் ஆஸ்பத்திரியில் வைத்துக் கவனிக்கலாம்.

கிராமத்துக்கு ஒரு திருத்தம் தேவை. "வீட்டில் வைத்துப் பாருங்கள், மாற்றம் தெரிந்தால் வாருங்கள்" என்பது ஆஸ்பத்திரிக்குப் பக்கத்துத் தெருவில் இருப்பவருக்குச் சரி. கூரத்துக்கோ, உத்திரமேரூரைத் தாண்டிய ஒரு கிராமத்துக்கோ கடைசி பஸ்ஸில் திரும்பிவிட்டால், நள்ளிரவில் குழந்தை வாந்தி எடுத்தால் என்ன செய்வது? அந்தச் சில மணி நேரத்தை ஆஸ்பத்திரியிலேயே கழிப்பதுதான் பாதுகாப்பு. தூரத்தை மனதில் வைத்து டாக்டர் ஸ்கேனுக்கு எழுதினால் அதையும் குறை சொல்ல முடியாது.

கல்பாக்கத்துக்கு வரம்பு உண்டு, நோயாளிக்கு?

காஞ்சிபுரம் பக்கம் கதிர்வீச்சு என்றாலே கல்பாக்கம்தான் நினைவுக்கு வரும். 2019ல் செங்கல்பட்டு தனி மாவட்டமாகும் வரை கல்பாக்கமும் இதே மாவட்டத்தில்தான் இருந்தது. அணுமின் நிலையம் போன்றவற்றால் பொதுமக்களுக்கு ஆண்டுக்கு 1 மில்லிசீவர்ட்டுக்கு மேல் சேரக்கூடாது என்பது விதி. ஒரே ஒரு தலை சி.டி. அதைத் தாண்டிவிடும்.

ஆனால் நோயாளிக்கு இப்படி உச்சவரம்பு எங்குமே கிடையாது. உயிர் காக்கத் தேவைப்படும் ஸ்கேனை ஒரு எண் தடுத்துவிடக் கூடாது என்பதே காரணம். அதற்குப் பதிலாக இரண்டு நிபந்தனை: எடுப்பதற்கு நியாயமான காரணம் இருக்க வேண்டும், எடுத்தால் படம் தெளிவாகத் தெரியத் தேவையான குறைந்த அளவில் எடுக்க வேண்டும். எக்ஸ்-ரே, சி.டி. கருவிகளுக்கு அணுசக்தி ஒழுங்குமுறை வாரியத்தின் உரிமம் கட்டாயம். உரிமம் இருக்கிறதா என்று ஸ்கேன் சென்டரில் கேட்பதில் தப்பே இல்லை.

பெற்றோர் கேட்க வேண்டியது

"இந்த ஸ்கேன் வந்தா ட்ரீட்மென்ட் மாறுமா டாக்டர்?" என்ற ஒரு கேள்வியே பாதி வேலையை முடித்துவிடும். குடல்வால் சந்தேகம் என்றால் முதலில் அல்ட்ராசவுண்ட் பார்க்கலாமா என்று கேட்கலாம். ஸ்கேன் அறையில் டெக்னீஷியனிடம், குழந்தைக்கான செட்டிங் வைத்திருக்கிறார்களா, கலர் மருந்துக்கு முன் ஒன்று, பின் ஒன்று என இரண்டு முறை எடுப்பது அவசியமா என்று கேளுங்கள். பழைய பிலிம், சி.டி. தட்டு, ரிப்போர்ட் எல்லாவற்றையும் ஒரே கவரில் போட்டு எடுத்துப் போனால், இருக்கும் படத்தையே பார்த்து முடிவு செய்ய வாய்ப்பு உண்டு.

எடுத்து முடித்த பிறகு கதிர்வீச்சு உடம்பில் தங்காது. மெஷின் நின்றதும் அதுவும் நின்றுவிடும். குழந்தையைத் தூக்கிக் கொஞ்சலாம், தாய்ப்பால் கொடுக்கலாம். இளநீர் கொடுத்து "இறக்க" அதில் ஒன்றும் இல்லை. தண்ணீர் நிறையக் குடிக்கச் சொல்வது கலர் மருந்து வெளியேறத்தான்.

அழும் குழந்தையை மெஷினில் பிடித்துக்கொள்ள ஒருவர் உள்ளே நிற்க வேண்டி வந்தால், அவருக்கு ஈயம் பதித்த ஏப்ரன் கேட்டு வாங்கிப் போட வேண்டும். அம்மா கர்ப்பமாக இருந்தாலோ, அப்படி இருக்கலாம் என்று சந்தேகம் இருந்தாலோ, அப்பாவோ பாட்டியோ உள்ளே போகட்டும்.