பேர் வெட்டிய பாத்திரம்

அந்தக் காலத்துச் சேலத்தில் பழைய பாத்திரம் குப்பைக்குப் போனதில்லை. பித்தளைக் குண்டாவில் ஈயம் தேய்ந்தால், ஈயம் பூசுகிறவர் தெருவிலேயே துருத்தி ஊதிப் பூசித் தருவார். ஓட்டை விழுந்தால் எடைக்குப் போட்டுப் புதுசு வாங்கலாம்.

எவர்சில்வர் வந்து ஈயக்காரர் பிழைப்பைக் கெடுத்தது. 1981-ல் சேலம் உருக்காலை தகடு உருட்டத் தொடங்கியதும் அது நம் ஊர்ச் சரக்கே ஆயிற்று. அதையும் யாரும் எறியவில்லை. பேர் வெட்டிச் சீராகக் கொடுத்தது பேத்தி வரை போயிற்று.

வழக்கத்தை மாற்றியது பிளாஸ்டிக் குடம். இடுப்புக்குப் பாரமில்லை, ஒப்புக்கொள்ள வேண்டும். விரிசல் விட்டால் அடைக்க ஆளில்லை. எடைக்குப் போட்டாலும் சில்லறைதான். 2019 ஜனவரி 1-ல் வந்த அரசுத் தடை ஒருமுறை பயன்படுத்தி எறியும் பிளாஸ்டிக்குக்கு மட்டுமே. நம் குப்பை வண்டியில் உடைந்த குடம் அடிக்கடி வருகிறது. பேர் வெட்டிய டம்ளர் வந்து பார்த்ததில்லை.