50,000 அடி காந்தி

அக்டோபர் 2, ஜனவரி 30 வந்தால் டிவியில் பழைய கறுப்பு வெள்ளைத் துண்டுகளைப் போடுவார்கள். காந்தி தடியை ஊன்றிக்கொண்டு விடுவிடுவென்று நடப்பார். அடுத்து வேறு நிகழ்ச்சிக்குப் போய்விடுவார்கள். அந்த மாதிரித் துண்டுகளை உலகம் முழுக்கத் தேடிப் பொறுக்கி ஒரே படமாகக் கோத்த முதல் ஆள் நம் கோட்டையூர்க்காரர் என்பது எத்தனை பேருக்குத் தெரியும்?

ஏ.கே. செட்டியார். உலகம் சுற்றிய தமிழர், 'குமரி மலர்' ஆசிரியர் என்று நம் வயதுக்காரர்களுக்கு அறிமுகம் இருக்கும். டோக்கியோவிலும் பிறகு நியூயார்க்கிலும் புகைப்படக் கலை படித்தவர். 1937 அக்டோபர் 2 அன்று நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலில் போய்க்கொண்டிருந்தபோது அவருக்கு அந்த யோசனை உதித்தது: காந்தியைப் பற்றி முழு நீள டாக்குமெண்டரி எடுக்கவேண்டும். அப்போது அவருக்கு 26 வயதுகூட நிரம்பவில்லை.

எடுப்பதைவிடத் தேடுவதுதான் பெரிய வேலை. போன தண்டி யாத்திரையை மறுபடி நடக்கச் சொல்ல முடியுமா? 1931-ல் காந்தி லண்டன் போனதை யாரோ ஒரு நியூஸ் ரீல் கேமராமேன் எடுத்திருந்தால் உண்டு, இல்லாவிட்டால் இல்லை. அந்தக் காலத்து நியூஸ் ரீல் தியேட்டரில் சில நாள் ஓடும், பிறகு டப்பாவில் போய் அடங்கிவிடும். எந்த ஊரில், எந்தக் கம்பெனி கிடங்கில் என்று நேரில் போய்க் கேட்டால்தான் தெரியும். இன்டர்நெட்டா, ஈமெயிலா? கப்பல், ரயில், கடிதம். யுத்த மேகம் சூழ்ந்த நாட்கள் வேறு. நான்கு கண்டங்களில் ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் அலைந்திருக்கிறார். முப்பது ஆண்டுகளில் சுமார் நூறு கேமராமேன்கள் எடுத்ததிலிருந்து 50,000 அடி பிலிம் சேர்ந்தது. கோகலே 1912-ல் தென்னாப்பிரிக்கா போனபோது எடுத்த காட்சிகளும் அதில் உண்டு. இத்தனைக்கும் காந்திக்கு சினிமா என்றாலே ஆகாது!

50,000 அடி என்றால் எவ்வளவு? 35 எம்.எம். பேசும்படம் நிமிஷத்துக்கு 90 அடி ஓடும். ஆக, ஒன்பது மணி நேரத்துக்கு மேல். அதை வெட்டிச் சுமார் 12,000 அடியாக்கினார். இரண்டே கால் மணி நேரம் வரும். இன்னொரு சங்கடம்: மௌனப்பட காலத்தில் பெரும்பாலும் விநாடிக்கு 16 படம் போல எடுப்பார்கள். அதைப் பேசும்பட வேகத்தில், 24 படமாக ஓட்டினால் எல்லோரும் ஓட்டமும் நடையுமாகத் தெரிவார்கள். காந்தி இயல்பிலேயே வேகமாக நடப்பவர், கேட்கவே வேண்டாம்.

படம் 1940 ஆகஸ்ட் 23-ல் தமிழ் வர்ணனையோடு வெளிவந்தது. டி.கே. பட்டம்மாள் பாடியிருந்தார். பிறகு தெலுங்கில் வந்தது. சுதந்திரம் வந்த 1947-ல் இந்தியில். 1953-ல் அமெரிக்காவில் சுருக்கி ஆங்கிலத்தில் வெளியிட்டார்கள்.

அதற்குப் பிறகுதான் வயிற்றெரிச்சல். இத்தனை பேரிடம் தேடிச் சேர்த்தவருடைய படத்தையே நாம் தொலைத்துவிட்டோம். செட்டியார் 1983-ல் காலமானார். அவர் 'குமரி மலர்' இதழில் எழுதிய தேடல் அனுபவங்களை 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்று நூலாகப் பதிப்பித்த ஆ.இரா. வேங்கடாசலபதிதான் படத்தையும் தேடிப் போனார். கிடைத்தது ஆங்கிலச் சுருக்கப் பிரதி, அதுவும் சான் பிரான்சிஸ்கோவில், ஒரு பல்கலைக்கழகத்தில். தேடியவரையே தேடவேண்டிய நிலைமை!

நம் ஊரில் இது புதிதல்ல. முதல் தமிழ்ப் பேசும்படம் 'காளிதாஸ்', அதற்கு முன்பு நடராஜ முதலியார் எடுத்த 'கீசகவதம்' இரண்டிலும் ஒரு பிரதிகூட மிஞ்சவில்லை. அந்தக் கால நைட்ரேட் பிலிம் சூட்டில் பிசுபிசுத்துப் பொடியாகும், தீப்பிடித்தால் அணைப்பதும் கடினம். வெள்ளிக்காகப் பழைய பிலிமை உருக்கியவர்களும் உண்டு.

அன்று தியேட்டரில் செட்டியார் படத்தைப் பார்த்த சிறுவர்களுக்கு இன்று தொண்ணூறைத் தாண்டியிருக்கும். உங்கள் வீட்டுப் பெரியவர் யாராவது அதைப் பற்றிச் சொல்லியிருந்தால் எனக்கு எழுதுங்கள். பரணில் வட்டத் தகர டப்பா ஏதும் கிடந்தால் பழைய இரும்புக்காரரிடம் போட்டுவிடாதீர்கள். அடுப்பு, விளக்குப் பக்கம் கொண்டுபோகாமல் நிழலில் வைத்துவிட்டு, புனேயில் உள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்கு ஒரு கடிதம் போடுங்கள்.